பூர்ணிமாவின் குரலில் வராத வார்த்தை

ஆம்பூர்,
ஞாயிறு காலை.

அன்பு மகள் பூர்ணிமாவுக்கு அம்மா எழுதுவது. இங்கே நான், அப்பா, உன் தம்பி கோபிநாத் மூவரும் சௌக்கியம், அயர்லாந்துக் குளிரில் நீயும் காதை மூடிக்கொண்டு சௌக்கியமாக இருக்க வேண்டும். போனில் சொன்னால் பாதியில் பேச்சை மாற்றிவிடுவாய், அதனால்தான் எழுதி, இதைப் படமெடுத்து அனுப்பும்படி கோபியிடம் சொல்கிறேன்.

நீ வாராவாரம் போனில் பேசிப் பதிவு செய்து அனுப்பும் வாயில் நுழையாத இங்கிலீஷ் வார்த்தைகளால் எங்கள் ஷூ கம்பெனியே கலகலப்பாக இருக்கிறது. லேஸ் நுனியில் இருக்கும் பிளாஸ்டிக் மூடிக்கு ஆக்லெட் என்று பேர் என நீ சொன்னதிலிருந்து லைனில் எல்லோரும் அப்படித்தான் சொல்கிறார்கள். வயிறு கடமுடா என்று சத்தம் போடுவதற்குப் போர்போரிக்மஸ் என்றாயே, சாப்பாட்டு பெல் தாமதமானதும் பக்கத்து சீட் ஹலீமா பீ தனக்குப் போர்போரிக்மஸ் ஜாஸ்தியாகிவிட்டது என்றாள், சூப்பர்வைசர் பயந்துபோய் மாத்திரை எடுத்து வந்தார்.

ஆனால் கொஞ்ச நாளாக வார்த்தையைச் சொல்வது நீ இல்லை, ஏதோ மெஷின் பெண். அப்பா அதை நீதான் என்று நினைத்து, மகள் வெள்ளைக்காரி மாதிரியே பேசுகிறாள் என்று டீக்கடையில் எல்லோருக்கும் போட்டுக் காட்டினார். இடது ஷூவும் வலது ஷூவும் ஒரே தோலா என்று பார்த்து ஜோடி சேர்க்கிறவள் நான், எனக்கா தெரியாது? கோபியைப் பிடித்து உட்காரவைத்ததும் சொல்லிவிட்டான், அவனைத் திட்டாதே. ஆஸ்பத்திரியில் நீ ஒரு மருந்தின் பேரைச் சொன்ன விதத்தைக் கேட்டு, உன்னோடு வேலை செய்கிறவள் சிரித்தாளாம், அதிலிருந்து நீ தேவைக்கு மேல் பேசுவதில்லையாம், வெள்ளிக்கிழமை சீனியர் நர்ஸ் இன்டர்வியூவுக்கும் போகப்போவதில்லையாம். எனக்கு அழுகை வந்தது, அதைவிட அதிகமாகக் கோபம் வந்தது. அவள் ஒரு தடவை ஆம்பூர் என்று ஒழுங்காகச் சொல்லட்டும், பார்க்கலாம். வலியில் கிடக்கிறவர்களுக்கு உன் பேச்சு புரிகிறது, உன்னைத்தான் தேடிக் கூப்பிடுகிறார்கள் என்று நீயே சொல்லியிருக்கிறாய். இன்டர்வியூவுக்குப் போ கண்ணே. வயிற்றுக்குச் சாப்பிட்டுவிட்டுப் போ, இல்லாவிட்டால் அங்கே போர்போரிக்மஸ் கேட்கும். வேலை கிடைக்காவிட்டால் போகட்டும், பயந்துகொண்டு அறையில் உட்கார்ந்துவிடாதே.

போன வாரம் மெஷின் சொன்னது க்ரெபஸ்குலர், பொழுது சாயும் நேரத்தில் நடமாடும் பிராணி என்று அர்த்தம் எழுதியிருந்தாய். இருட்டுகிற நேரத்தில் கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கும் எங்களுக்குச் சரியாகத்தான் பொருந்துகிறது. ஆனால் ஹலீமா பீ அதைக் கேட்டுவிட்டு, "பூர்ணிமா சொல்லட்டும், அது எப்டி சொல்லுதோ அப்டியே சொல்லிக்கலாம், இன்னா அவசரம்" என்று சொல்லிவிட்டாள். அந்தக் குரல் உன்னுடையது இல்லை என்று நேற்று அப்பாவிடமும் சொன்னேன். உடனே அவர் போனில் உன் பழைய ஆக்லெட்டைத் தேடியெடுத்து, திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார்.

நீ நோய்நொடியில்லாமல், யாருக்கும் தலைகுனியாமல் நன்றாக இருக்க வேண்டும். வெள்ளிக்கிழமை இன்டர்வியூ முடிந்து வெளியே வந்ததும் க்ரெபஸ்குலரை உன் வாயால் சொல்லி அனுப்பு, மறந்துவிடாதே. நீ எப்படிச் சொன்னாலும் இந்த ஊரில் அதுதான் சரி.

உன் குரலுக்குக் காத்திருக்கும் அம்மா,
விஜயகுமாரி