பிரிஜெட் அத்தையின் கை

1936 ஆகஸ்ட் 11, செவ்வாய், மாலை ஆறேகால். பிரிஜெட் அத்தையின் வலக்கையில் மிஞ்சியிருப்பது ஒரே விரல்.

நோரா கண்ணுக்கு அப்பா எழுதுவது. இதைச் சொன்ன பிறகுதான் நலம் விசாரிக்க மனம் வருகிறது. ரங்கூனில் நீயும் மாப்பிள்ளையும் சுகமா? இங்கே தேவன் தயவில் நாங்கள் இருக்கிறோம், ஏழாம் மாதம் நீ பிரசவத்துக்கு வருவாயென்று அம்மா மில் வீட்டில் உனக்கு அறை ஒழித்து வெள்ளையடித்து வைத்திருக்கிறாள், படியில் பார்த்து இறங்கு, மருந்தை விடாதே.

மில்லில் பஞ்சு மெஷினைத் துப்புரவு செய்கிறவர்கள் "கை உள்ளே" என்று கத்த வேண்டும், மெஷினை நிறுத்தும் கைப்பிடியைப் பிடித்து நிற்கும் மதலைமுத்து "நின்னாச்சு" என்று பதில் கொடுத்த பிறகே கையை உள்ளே விட வேண்டும், இதுதான் பழைய வழக்கம். மூடியைத் திறந்தால் தானாக நிற்கும் சுவிட்சைப் போன மார்ச்சில் நான்தான் மாட்டினேன். கத்த ஓர் ஆள் தண்டம் என்று எழுதிக் கொடுத்ததும் நான்தான். சாருக்கு மனுஷன் வாயைவிட சுவிட்சு மேலதான் நம்பிக்கை, நடக்கட்டும் என்று சொல்லிவிட்டு மதலைமுத்து போனான். நான் சிரித்தேன்.

போன வியாழன் அத்தை மூடியைத் திறந்தாள், மெஷின் நின்றது. பழக்கத்தில் "கை உள்ளே" என்று கத்தினாளாம், பதில் சொல்ல ஆளில்லை, சுவிட்சு இருக்கிறதே என்று கையை விட்டாள். சுவிட்சில் பஞ்சு அடைத்து உள்ளிருக்கும் தகட்டு நாக்கு சரியாக மாட்டவில்லை, நின்ற மெஷின் திரும்ப ஓடிற்று.

சுவிட்சில் பழுதில்லை, ஓடும் மெஷினில் அவளே கைவிட்டாள் என்று நான் கையெழுத்துப் போட வேண்டுமாம். போட்டால் அவளுக்கு நஷ்டஈடு கிடையாது. போடாவிட்டால் எனக்கு வேலையும் இல்லை, இந்த வீடும் இல்லை. வீட்டில் பிள்ளைத்தாய்ச்சிப் பொண்ணு வரப்போறா, யோசிச்சுப் போடு தியோடர் என்று மேனேஜர் உன்னை வைத்தே பேசினார். உன்னைவிடப் பதினெட்டு வயதுதான் மூத்தவன் நான், வேறு வேலை தேடிக்கொள்ளலாம். அம்மா அழுகிறாள், வேண்டாமென்று சொல்லவில்லை.

மாதா உன்னையும் பிள்ளையையும் காக்கட்டும். நாளை செய்யப்போவது:

1. பழுது சுவிட்சில், ஆளை வேலையிலிருந்து நீக்கச் சொன்னது நான் என்று எழுதிக் கொடுப்பேன்.
2. அல்சூரில் உன் பெட்டி சித்தி வீட்டுப் பின்னறையைக் கேட்பேன். உன் பிரசவம் அங்கேதான், மாப்பிள்ளையிடம் இப்போதே சொல்லிவிடு.
3. மதலைமுத்து எங்கே இருக்கிறானென்று விசாரிப்பேன்.
4. ஆஸ்பத்திரிக்குப் போவேன். ஐந்து நாளாக நான் அவளைப் போய்ப் பார்க்கவில்லை.

உன் அப்பா,
தியோடர்