போட்டோவுக்கு வந்த மாலை

கொரட்டூர்
10-3-89

அன்புள்ள அருள்செல்விக்கு,

அம்மா எழுதுகிறேன். மணி பதினொன்றரை, இந்நேரத்தில் எழுதுகிறேனே என்று பயப்படாதே, மன்னித்துக்கொள், அப்பாவுக்கு ஆவடியில் நைட் ஷிப்ட், அவரை அனுப்பிவிட்டு இப்போதுதான் உட்கார்ந்தேன். இங்கே எல்லோரும் சுகம், முக்கியமாகத் தாத்தா சுகம், ஏன் அழுத்திச் சொல்கிறேன் என்றால் புதன்கிழமை காலையில் பின்தெரு முனியன் மாமா தாத்தாவின் உடம்புக்குப் போட மாலையோடு வந்து நின்றார். நீயும் டெல்லியில் சளி இருமல் இல்லாமல் இருப்பாய் என்று நம்புகிறேன்.

செவ்வாய்க்கிழமை டிவி நாடகத்தில் கதாநாயகியின் செத்துப்போன அப்பா என்று சுவரில் தாத்தா போட்டோவை மாட்டி, மாலை போட்டு விளக்கும் வைத்திருந்தார்கள். பதினோரு வருஷமாகத் தாத்தாவை யாரும் நடிக்கக் கூப்பிடவில்லை, ஜட்ஜ் வேஷத்தில் கோட்டோடு எடுத்த அந்தப் போட்டோதான் நடிக்கிறது, செட் போடும் பரந்தாமன் அதைப் பத்திரமாக வைத்திருந்து எந்தக் கதையில் அப்பா செத்திருந்தாலும் மாட்டிவிடுகிறார். முனியன் மாமாவுக்குக் கண் மங்கல், டிவி பார்க்கிற கூட்டத்துக்குப் பின்னால் நின்று பார்த்துவிட்டு, டிவியிலேயே காட்டிவிட்டார்கள், ராயப்பன் போய்விட்டான் என்று ராத்திரியெல்லாம் அழுதாராம். கதவைத் திறந்தது தாத்தாவேதான். மாமா அவரை மேலும் கீழும் பார்த்துவிட்டு, யோவ் ராயப்பா, ஈஸ்டருக்கு இன்னும் நாள் கீதேய்யா, அதுக்குள்ள எய்ந்துகினியா என்றார். தாத்தா மாலையை வாங்கித் திருப்பிப் பார்த்து, நாப்பது வருச சினேகிதனுக்கு இம்மாத்தூண்டு மாலையாடா என்று கேட்க, இரண்டு பேரும் சிரித்த சிரிப்பில் அடுப்பில் பால் பொங்கி வழிந்ததை நான் கவனிக்கவே இல்லை. அன்றைக்கு முழுக்கப் பழைய கதைதான். தொண்ணூறு படத்தில் பதினோரு தடவை டாக்டராம், ஒரு பேஷண்டையும் பிழைக்க வைக்கவில்லையாம், டைட்டிலில் எப்போதும் ‘மற்றும் பலர்’தானாம். சிரித்துக்கொண்டேதான் தாத்தா சொன்னார், ஆனால் மாமா போனபின் அந்த மாலையின் பூவை ஒவ்வொன்றாகப் பிய்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் தாத்தா டீக்கடைக்குப் போயிருந்தபோது அந்த நாடகக் கம்பெனி ஆள் வந்தார். பரந்தாமன்தான் விலாசம் கொடுத்தாராம். அடுத்த நாடகத்தில் தாத்தாவுக்கு முழுக்க வருகிற வேஷம், பெயரும் தனியாகப் போடுவார்களாம், இருபத்திரண்டாம் தேதிக்குள் பதில் வேண்டுமாம். சொல்கிறேன் என்று, அவர் விவரம் எழுதிக் கொடுத்த சீட்டை வாங்கி என் ஜெபப் புத்தகத்துக்குள் ஒளித்துவிட்டேன் செல்வி. தாத்தா கிறிஸ்துமஸுக்கு நெஞ்சுவலி வந்து ஆஸ்பத்திரியில் கிடந்தது மறந்துபோகுமா? இவர் நிஜ டாக்டர் சொன்னதையே கேட்கிற ஆள் இல்லை.

இன்று ராத்திரி தாத்தாவுக்குக் கஞ்சி ஊற்றும்போது பார்க்கிறேன், நரைத்த மீசை கன்னங்கரேல் என்று இருக்கிறது. என்ன மாமா இது என்றேன். அந்தத் தம்பிக்கு டீக்கடையாண்ட நின்னு ஊட்டுக்கு வழி காட்டினதே நான்தாம்மா வசந்தா, போட்டோவுல கீற கறுப்பு மீசைக்காரனத்தான் தேடிகினு வந்தான், எம் மூஞ்சி தெரியல அவனுக்கு, நீயா சொல்லுவேன்னு ரெண்டு நாளாப் பார்த்துகினு கீறேன் என்றார். கோபமே இல்லை, அதில்தான் எனக்கு அழுகை வந்துவிட்டது. சீட்டை எடுத்துக் கொடுத்தேன். பெயரைத் தனியாகப் போடுவார்களா என்று மட்டும் மூன்று தடவை கேட்டார். அப்புறம், நீ பயப்படாத, எம் பேத்தி நர்ஸுக்குப் படிக்குது, அது போ சொன்னா போறேன், வாணாம்னா போட்டோவே நடிக்கட்டும் என்று சொல்லிவிட்டுப் படுத்தார். வெளியே சுவர் பக்கம் திரும்பி ஏதோ வசனம் முணுமுணுக்கிறார், எனக்குக் கேட்கிறது.

அதனால் உன் டாக்டரம்மாவிடம் கேள், வலி வந்து மூன்று மாதம்கூட ஆகாத நெஞ்சுக்கு ஷூட்டிங் லைட்டில் நிற்பது ஆகுமா என்று. ஆகும் என்றால் தாத்தாவை ஸ்கூட்டரில் கூட்டிப்போக அப்பாவிடம் சொல்கிறேன், நானும் மாத்திரையோடு பின்னாலேயே போய் நிற்பேன். தவக்காலம் என்று நீ பட்டினி கிடக்காதே, தலைக்குக் குளித்துவிட்டு ஈரத்தோடு வார்டுக்கு ஓடாதே. மாதா உன்னைக் காப்பாற்றட்டும், என் முத்தங்கள். மீசைச் சாயம் பத்து நாளைக்கு மேல் தாங்காது செல்வி, சீக்கிரம் பதில் போடு.

உன் அம்மா,
வசந்தகுமாரி