ரெண்டு பேருக்கு ஒரு மூக்கு

1957 ஜூலை 6, சனி

காய்ச்சலில் விழுந்து பதினெட்டு நாள் கழித்து இன்றுதான் வேலைக்குப் போனேன். மதராஸிலிருந்து வந்த இந்த ஃப்ளூ ஆஸ்டின் டவுனில் ஒரு வீட்டையும் விட்டுவைக்கவில்லை. எங்கள் வீட்டில் புருஷன் பெண்டாட்டி நாங்கள் இருவர்தான். முதலில் செண்பகம் படுத்தாள். அவள் எழுந்த அன்று நான் படுத்தேன்.

சனிக்கிழமை என்றால் மௌரீன் அம்மாவின் போர்டிங் ஹவுஸில் நான் வைக்கும் மட்டி ஸ்பகெட்டி, கடல் சிப்பி போட்ட இத்தாலிச் சேமியா. பதினோரு வருஷமாக அப்படித்தான். இந்தப் பெங்களூரில் வேறு எங்கே கிடைக்கும்? எண்ணெய் காய்ந்தது, நசுக்கிய பூண்டைப் போட்டேன். பூண்டு துள்ளுகிறது, ஓரம் நிறம் மாறுகிறது. வாசனை வரவில்லை. அடுப்பு அணைந்துவிட்டதா என்றுகூடக் குனிந்து பார்த்தேன். நன்றாகத்தான் எரிந்தது. வாணலிக்குள் தலையை விடாத குறையாக மோந்தேன். ஒன்றுமில்லை. சுவரை மோந்ததுபோல் இருந்தது.

பழக்கத்தில் ஏதோ ஒரு நேரம் பார்த்து மட்டியைக் கொட்டி மூடினேன். தட்டு எல்லாம் காலியாகத்தான் திரும்பி வந்தது. ஆனால் அது நான் சமைத்தது இல்லை, கை சமைத்தது.

ஜூலை 7, ஞாயிறு

காலையிலிருந்து சோதனை. காப்பித்தூள், மண்ணெண்ணெய், கற்பூரம், கருவாட்டுப் பானை, செண்பகத்தின் தலையில் இருந்த மல்லி. எதுவும் இல்லை. கருவாட்டுப் பானையிலுமா இல்லை? அதற்குப் பக்கத்து வீட்டு வள்ளியம்மாவின் பூனையே சுவர் ஏறி வருமே!

செண்பகத்திடம் சொல்லிவிட்டேன். சமையல்காரனுக்கு மூக்கு போனால் அப்புறம் என்ன இருக்கிறது, செத்ததற்குச் சமம் என்றேன். அவள் தலையிலிருந்த மல்லியைத் தொட்டுப் பார்த்தாள். பிறகு சிரித்தாள். "எம் மூக்கு இருக்குதில்ல? ரெண்டு பேருக்கு ஒரு மூக்கு போதாதா?" என்றாள்.

கெட்டிக்காரி.

ஜூலை 9, செவ்வாய்

ஆஸ்பத்திரியில் டாக்டர் டார்ச் அடித்துப் பார்த்தார். நரம்பாம். வந்தால் வரும், வராவிட்டால் இல்லையாம். இதைச் சொல்ல ஒரு டாக்டர்.

ஜூலை 13, சனி

ஒரு வழி கண்டுபிடித்தோம். எழுதி வைக்கிறேன்.

மட்டி பழவேற்காட்டிலிருந்து மெயில் ரயிலில் ஈரச் சாக்கில் வரும். கன்டோன்மென்ட் ஸ்டேஷனில் எடுத்து, நேரே போர்டிங் ஹவுஸுக்குப் போகாமல் சைக்கிளில் முதலில் வீட்டுக்குக் கொண்டுவருகிறேன். தட்டினால் வாயை மூடிக்கொள்ளும் மட்டி உயிரோடு இருப்பது. திறந்தே கிடப்பது செத்தது. இதற்குக் கண் போதும். ஆனால் மூடிக்கொண்டே செத்துப்போய், உள்ளே அழுகிய சேற்றோடு கிடக்கும் சில. அதை மூக்குதான் பிடிக்கும். ஒன்றே ஒன்று விழுந்தாலும் சட்டி முழுக்க விஷம். செண்பகம் ஒவ்வொன்றாக மோந்து கழிக்கிறாள்.

அடுத்தது பூண்டு. முதலில் பச்சை வாடை. அது போய் ஒரு தித்திப்பான வாசனை வரும். அதற்கு அடுத்த மூச்சில் கசப்பு. அந்த நடு மூச்சில் மட்டியைப் போடவேண்டும். யுத்த காலத்தில் ஜாலஹள்ளி கேம்ப் குசினியில் இத்தாலிக்காரக் கைதி ஒருவன் எனக்குச் சொல்லிக் கொடுத்தது. கேம்பில் மட்டிக்கு எங்கே போவது? வெறும் பூண்டையும் எண்ணெயையும் வைத்துக்கொண்டு, தன் மூக்கைத் தொட்டுத் தொட்டுக் காண்பித்தான். அவன் எனக்குக் கொடுத்ததே மூக்குதான்.

இப்போது வீட்டு அடுப்பில் கொஞ்சம் பூண்டு போட்டுப் பார்க்கிறேன். செண்பகம் எதிரே உட்கார்ந்து சரியான நேரத்தில் "இப்ப" என்கிறாள். அதுவரை எண்ணுகிறேன். இன்று நாற்பத்திரண்டு. குசினியிலும் அதே நாற்பத்திரண்டு எண்ணிப் போட்டேன். பரிமாறுகிற ரங்கா வந்து, "மேஸ்திரி, பஸ்ட் க்ளாஸாம்!" என்றான். குசினியில் தலைமைச் சமையல்காரன்தான் மேஸ்திரி.

ஜூலை 20, சனி

முப்பத்தாறு எண்ணினேன். மூன்று தட்டு பாதி மீந்து வந்தது. அடுப்புக் கரி சரியில்லை.

ஜூலை 27, சனி

ஐம்பத்தொன்று. நல்ல பேர்.

வாரத்துக்கு வாரம் எண்ணிக்கை ஏன் இப்படி மாறுகிறது? பூண்டு புதுசா பழசா என்பதைப் பொறுத்திருக்கும்.

ஆகஸ்ட் 3, சனி

மௌரீன் அம்மாவே குசினிக்கு வந்துவிட்டாள். தட்டை மேடையில் வைத்து, "இது என்னா மேன், ஜெயராமன்? பூண்டு கருகிப் போச்சு. கசப்பு!" என்றாள். புது எண்ணெய், அதன் குணம் அப்படி என்று பொய் சொன்னேன். அவள் என் முகத்தையே பார்த்தாள். பிறகு விஷயத்தைச் சொன்னாள். ஃபாக்டரிக்கு வந்திருக்கும் வெளிநாட்டு இஞ்சினீயர்கள் பதினெட்டு பேர் இருபத்துநாலாம் தேதி சாப்பிட வருகிறார்களாம். மட்டி ஸ்பகெட்டியைப் பற்றிக் கேள்விப்பட்டுத்தான் வருகிறார்களாம். பிடித்துப் போனால் வருஷம் முழுக்க அவர்கள் சாப்பாடு இங்கேதான். "அன்னிக்கு இப்டி ஆச்சுன்னா நான் வேற குக் பாக்கணும் மேன்" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் தேவலை.

வீட்டுக்கு வந்து செண்பகத்தின் மேல் எரிந்து விழுந்தேன். என்னடி மோந்த, மூக்க எங்கடி வச்சிருந்த என்று கத்தினேன். "காலைல சரியாத்தானே இருந்துச்சு" என்றாள். அப்புறம் தேம்பித் தேம்பி அழுதாள். இத்தனைக்கும் அழுகிறவள் இல்லை அவள். எனக்காக விடிகாலையில் எழுந்து சேற்று மட்டியை மோந்துகொண்டிருக்கிறவளைப் போய்த் திட்டினேனே. நான் மனுஷனா?

ஆகஸ்ட் 15, வியாழன்

சுதந்திர தினம். தெருவில் கொடி, மிட்டாய். பூக்காரி வந்தாள். செண்பகம் வேண்டாம் என்று அனுப்பிவிட்டாள். இப்போதெல்லாம் பூவே வைத்துக்கொள்வதில்லை. எனக்காகத்தான் விட்டுவிட்டாள்போல.

ஆகஸ்ட் 24, சனி

எப்படி எழுதுவது? எழுதத்தான் வேண்டும்.

மட்டி இன்று ஒன்றரை மணி லேட். மழைக்கு ரயில் எங்கேயோ நின்றுவிட்டதாம். சாக்கை வீட்டு முன்னறையில் கொட்டிவிட்டு உட்கார்ந்தோம். நான் தட்டித் தட்டித் தள்ளுகிறேன், அவள் மோந்து பிரிக்கிறாள். பின்கட்டில் அடுப்பில் பருப்பு. இருவரும் சாயந்தரத்து விருந்தைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தோம். அது நல்லபடியாக முடிந்தால் திருப்பதிக்கு நடந்தே வருகிறேன் என்றாள்.

அப்போது பக்கத்து வீட்டு வள்ளியம்மா பின்வாசல் வழியாகக் கத்திக்கொண்டே வந்தாள். "அடியே செம்பகம்! அடுப்புல இன்னாடி கருவுது? தெருக்கோடி வரைக்கும் நாறுது! புருசனும் பொஞ்சாதியும் மூக்க அடகு வச்சிட்டீங்களா?"

ஓடிப்போய்ப் பார்த்தால் பருப்பு அடிப்பிடித்துக் கரியாகிப் புகைகிறது. வள்ளியம்மா கரித்துணியால் பாத்திரத்தை இறக்கி வைத்துவிட்டு, எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுப் போய்விட்டாள்.

எனக்குத் தெரியாது, சரி. இவளுக்குமா?

செண்பகம் அடுப்படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். "எனக்கும் காய்ச்சல்லயே போச்சுங்க. உங்களுக்கு முன்னாடியே" என்றாள்.

பின்ன ஏன்டி சொல்லல?

"நீங்க செத்ததுக்கு சமம்னு சொன்னீங்க. நானும் அதையே எப்படிச் சொல்றது? இன்னிக்கு வந்துரும், நாளைக்கு வந்துரும்னு இருந்தேன்."

பின்ன எப்படிடி 'இப்ப'ன்னு சொன்ன? ஆறு வாரம்! எதப் பாத்துச் சொன்ன?

"உங்க மொகத்தப் பாத்து. நீங்க ஒரு கட்டத்துல மூச்ச இழுப்பீங்க. உங்களுக்கே தெரியாது. அப்ப சொல்வேன்."

மட்டி? மட்டிய எப்படிக் கழிச்ச?

வெறும் கையை விரித்தாள். கையில் வந்ததைத் தள்ளியிருக்கிறாள். ஐயோ, இத்தனை சனிக்கிழமையும் எத்தனை பேர் சாப்பிட்டார்கள்! ஒருத்தருக்கும் ஒன்றும் ஆகாமல் போனது எங்கள் சாமர்த்தியமா? அவளை அடித்துவிடுவேனோ என்று பயந்து வெளியே போய் நின்றேன்.

விருந்துக்கு எட்டு மணி நேரம் இருந்தது. சாக்கைத் தூக்கிக்கொண்டு நேராக மௌரீன் அம்மாவிடம் போனேன். ஃப்ளூவிலிருந்து எனக்கு மூக்கு இல்லை என்று சொல்லிவிட்டேன். செண்பகத்தைப் பற்றிச் சொல்லவில்லை. மௌரீன் அம்மா சாக்கிலிருந்து மூடிக்கிடந்த ஒரு மட்டியை எடுத்து மோந்தாள். முகம் சுளித்தாள். இன்னொன்று எடுத்தாள். "பாதி செத்துக் கெடக்கு மேன். இதையா எல்லாருக்கும் போட இருந்தே?"

எல்லாவற்றையும் குப்பையில் கொட்டச் சொன்னாள். இழுத்துச் செருகப் புடவைத் தலைப்பு இல்லாத கவுனோடு அவளே அடுப்பு முன்னால் நின்று மட்டன் கறி வைத்தாள். நான் வெங்காயம் உரித்தேன். கண்ணில் தண்ணீர் வந்தது. அதற்கு மூக்கு தேவையில்லை போலிருக்கிறது.

ஆகஸ்ட் 26, திங்கள்

மட்டன் கறி எந்த ஹோட்டலிலும் கிடைக்கும் என்று சொல்லிவிட்டார்களாம் இஞ்சினீயர்கள். இனி வரமாட்டார்கள்.

மௌரீன் அம்மா என்னைத் துரத்தவில்லை. புது குக் வருகிறான். நான் காய் நறுக்கலாம், ரங்காவோடு சேர்ந்து பரிமாறலாம். தலையாட்டிவிட்டு வந்தேன். இந்த வயதில் வேறு எங்கே போய் நிற்பது?

செப்டம்பர் 7, சனி

ரங்கா இன்று என்னை "ஜெயராமண்ணா" என்றான். புது ஆளை "மேஸ்திரி" என்கிறான். தப்பில்லை.

செப்டம்பர் 15, ஞாயிறு

செண்பகத்தோடு பேசி இருபத்திரண்டு நாள் ஆகிறது. சோறு வைக்கிறாள், தின்கிறேன். உப்பு தெரிகிறது, காரம் தெரிகிறது. வேறெதுவும் தெரியவில்லை.

செப்டம்பர் 29, ஞாயிறு

அவள் பொய் சொன்னதற்காகவா கோபம்? இல்லை, அவள் 'இப்ப' என்று சொன்னபோதெல்லாம் ஒரு ஆளுக்காவது வாசனை தெரிகிறது என்று நிம்மதியாக இருந்தேனே, அதைப் பிடுங்கிக்கொண்டதற்காகவா?

அவளுக்கும் போயிருக்கிறது. அதை நான் இன்னும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. எனக்கு மட்டும்தான் மூக்கு இருந்ததா என்ன?

நவம்பர் 10, ஞாயிறு

கேட்டேன். உனக்கு எந்த வாசனை போனது கஷ்டமா இருக்கு என்று.

கையிலிருந்த முறத்தைக் கீழே வைத்தாள். "நீங்க வேலையில இருந்து வந்தா சட்டைல பூண்டு வாசனை வரும். வாசல்ல சைக்கிள் சத்தம் கேக்கறதுக்கு முன்னாடியே தெரியும் எனக்கு. இப்ப நீங்க பின்னாடி வந்து நின்னா திடுக்குனு இருக்குது" என்றாள்.

டாக்டர் இனி வராது என்கிறார். இருவருக்கும்தான்.

1958 ஜனவரி 12, ஞாயிறு

நாளை மறுநாள் பொங்கல். என்ன வேண்டும், புடவையா என்று போன வாரம் கேட்டேன். "மட்டி" என்றாள் செண்பகம்.

இத்தனை வருஷத்தில் நான் செய்த மட்டி ஸ்பகெட்டியை அவள் ஒரு நாள்கூடத் தட்டில் போட்டுச் சாப்பிட்டதில்லையாம். யோசித்தால் உண்மைதான். ஊருக்கெல்லாம் போட்டேன். வீட்டில் அவளை உட்காரவைத்து மோந்து பார் என்றேனே தவிர, சாப்பிடு என்று சொன்னதில்லை. இப்போதா? இரண்டு பேருக்கும் இப்போது அது ரப்பரும் உப்பும்தான் என்றேன். "இருக்கட்டும்" என்றாள்.

சின்னப் பை அளவு மட்டி வரவழைத்தேன். வள்ளியம்மாவைக் கூப்பிட்டு ஒவ்வொன்றாக மோந்து தரச் சொன்னேன். "கர்மம்! கர்மம்!" என்று திட்டிக்கொண்டே மோந்தாள். ஏழு மட்டியைத் தூக்கி எறிந்தாள். ஒரு வாய் சாப்பிட்டுப் போயேன் என்றதற்கு, இந்த நாத்தம் பிடித்ததை மனுஷி தின்பாளா என்று கேட்டுவிட்டுப் போய்விட்டாள்.

மைதாவில் முட்டை ஊற்றிப் பிசைந்து, தேய்த்து, மெல்லிசாக நறுக்கி வேகவைத்தேன். மருந்துக்கடையில் விற்கும் ஆலிவ் எண்ணெய் வாங்கவில்லை, கடலை எண்ணெய்தான். பூண்டைப் போட்டேன். செண்பகம் எதிரே வந்து உட்கார்ந்தாள், பழைய இடத்தில். என் முகத்தைப் பார்க்கவில்லை. வாணலியையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் எண்ணவும் இல்லை, மூச்சை இழுக்கவும் இல்லை.

"இப்ப" என்றாள்.

மட்டியைக் கொட்டி மூடினேன். டப் டப்பென்று ஓடுகள் திறந்துகொள்ளும் சத்தம் கேட்டது. கொத்தமல்லி தூவி, இரண்டு தட்டில் போட்டு, கீழே உட்கார்ந்து சாப்பிட்டோம். வெள்ளைக்காரன் சேமியா என்று சொல்லிக் கையால் சுருட்டிச் சுருட்டித் தின்றாள். சூடு தெரிந்தது, உப்பு தெரிந்தது. அதற்கு மேல் ஒன்றும் இல்லை. அவளுக்கும் அப்படித்தான் இருந்திருக்கும்.

தட்டை வழித்துவிட்டுச் சொன்னாள்: "நல்லாத்தாங்க இருக்குது. பூண்டு மட்டும் கொஞ்சம் தூக்கல்."

அடுத்த வாட்டி குறைத்துப் போடுகிறேன் என்றேன்.