எதிர் வரிசை

அன்புள்ள என் பிள்ளைகளின் அப்பாவுக்கு,

காலில் தையல் பிரித்துவிட்டார்கள் என்று மகள் சொன்னாள். நல்லது. மாத்திரையை விட்டுவிடாதீர்கள்.

சனிக்கிழமை அராவா சந்தை மைதானத்தில் நம் கட்சியின் தலைவர் தேர்தல் நடந்தது. நீங்கள் ஆஸ்பத்திரியில் இருப்பதால் உங்கள் பெயருக்கு உங்கள் தம்பி டேமியன் முன்னால் நின்றான். எதிரே பெர்னடெட். யாரை ஆதரிக்கிறோமோ அவர் பின்னால் வரிசையில் நிற்க வேண்டும், அவ்வளவுதான். நீங்கள் தோற்றுவிட்டீர்கள். அதை அவன் சொல்லியிருப்பான். மிச்சத்தை நான் சொல்கிறேன்.

நான் பெர்னடெட்டின் வரிசையில் நின்றேன்.

"அண்ணி, வரிசை மாறி நிக்கிறீங்க!" என்று டேமியன் கத்தினான். எல்லோரும் சிரித்தார்கள்.

"எனக்குக் கண்ணு நல்லாத்தான் தெரியுது தம்பி. மறுபடி சுரங்கம் தோண்டலாம்னு உங்க அண்ணன் வாக்குக் குடுத்தாரே, அந்த நிலம் எங்கம்மா எனக்குக் குடுத்தது. நம்ம ஊர்ல நிலம் அம்மாகிட்டேர்ந்து மகளுக்குத்தானே வரும்? என்னை ஒரு வார்த்தை கேட்டாரா?" என்றேன்.

சிரிப்பு நின்றது. உங்கள் வரிசையிலிருந்து பெண்கள் ஒவ்வொருவராக இந்தப் பக்கம் வந்தார்கள். நான் யாரையும் கூப்பிடவில்லை.

ஜெயித்ததும் பெர்னடெட் என்னை மேடைக்கு அழைத்தாள். போகவில்லை. வீட்டுக்கு வந்து கிழங்கு வேகவைத்தேன். சாப்பிடப் பிடிக்கவில்லை.

விமானத்திலிருந்து இறங்கியதும் உங்களை நேரே தன் வீட்டுக்குக் கூட்டிப்போவதாக டேமியன் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறான். அது உங்கள் விருப்பம். நம் வீட்டுப் படிகள் உயரம் என்பதால் இரண்டு பக்கமும் கைப்பிடி அடித்து வைத்திருக்கிறேன். முழு பாரத்தையும் போட்டு இழுத்துப் பார்த்தேன், ஆடவில்லை.

இப்படிக்கு,
உங்கள் வீட்டுக்காரி