உப்பு முகங்களுக்கு நான் வைத்த தலைப்பு

பையிலிருந்து கண்காட்சி அட்டையை வெளியே எடுத்தேன். வார்னிஷ் நாற்றம். நேற்றுக் கொழும்பில் நீ செய்த பதினொரு உப்பு முகங்களின் மேலும் அதைப் பூசி வைத்திருந்தார்கள். உப்பு கரையாமல் இருக்கவாம்.

கரைவதற்காகத்தானே செய்தாய்.

பாலாவி உப்பளத்தில் உன் வாப்பாவுக்கு வேலை. நீ அங்கே உட்கார்ந்து, கண்ணாடி பார்க்காமல், விரலால் உன் முகத்தைத் தடவித் தடவிக் கம்பியை வளைப்பாய். உப்புப் பாத்தித் தண்ணீரில் அமிழ்த்தி வைப்பாய். சில நாட்களில் கம்பியைச் சுற்றி உப்பு பூத்துவிடும். துரு ஏறி, ஓரம் சிவந்து, ஒவ்வொன்றும் வேறு ஆள். மழை வந்தால் எதையும் உள்ளே எடுக்கக் கூடாது. அது உன் சட்டம்.

"பிள்ள, இது மனிசனா நண்டா?" என்று வரம்பில் நின்ற தொழிலாளி கேட்டார்.

"நான்தான், காக்கா," என்றாய், சொந்த அண்ணனிடம் சொல்வதுபோல.

"அப்ப நண்டுதான்."

நீ வரம்பிலேயே குந்திச் சிரித்தாய். உன்னைப் பற்றி வந்த விமர்சனங்களில் நேர்மையானது அது ஒன்றுதான்.

பல்கலைக்கழகத்தில் முதல் நாள். ஊர் புத்தளம் என்றாய். எனக்கும் அதே ஊர். "கரைத்தீவுப் பக்கம் அகதியா வந்த ஆக்களா?" என்று கேட்டேன். தொண்ணூறில் வடக்கிலிருந்து விரட்டப்பட்ட முஸ்லிம்கள் உன் உம்மாவும் வாப்பாவும். நீ பிறந்தது இங்கே. அதை நான் கேட்கவில்லை.

"அகதி எண்டா மூக்கு வேற மாதிரி இரிக்குமாடி?" என்றாய். பிறகு, சிரிக்காமல்: "எண்ட வேலைக்குக் கீழ அந்தச் சொல்ல மட்டும் போட்டுராத."

டெங்கு. ஐந்து நாள். மழைக்கு முன்பே போய்விட்டாய். பாத்தியில் மிஞ்சிய பதினொன்றையும் நானே தூக்கி வந்தேன். காட்சிக்கூடத்துக்குக் கொடுத்தேன். குறிப்பு எழுதி, தலைப்பில்லாமல் அனுப்பினேன்.

"அகதி எண்டு ஒரு சொல் இருந்தாத்தான் சனம் வரும், தங்கச்சி," என்றார் கூடத்தை நடத்துபவர். அட்டையில் என் பெயரும் வரும் என்றார்.

எழுதிக் கொடுத்தேன். 'அகதியின் முகம்'. யாரும் என் கையைப் பிடித்து எழுத வைக்கவில்லை.

நேற்று வாசலில் பொரித்த பற்றீசும் கோப்பியும். எண்ணெய் விரலால் உன் கன்னத்தைத் தொட்ட ஒரு பெண், "பாவம், எவ்வளவு வேதன," என்று கண்ணைத் துடைத்தாள். அவள் அழுதது என் தலைப்பை வாசித்து.

அவள் என் பக்கம் திரும்பினாள். "நீங்களும் அகதியா?"

"இல்ல, இல்ல. நாங்க புத்தளத்து ஆக்கள்."

அவள் கேட்டு முடிக்கும் முன்பே சொல்லிவிட்டேன். 'இவளும் புத்தளத்து ஆள்தான்' என்று உன் முகங்களைக் காட்டிச் சொல்ல இன்னொரு வசனம் போதும். அது வரவில்லை.

சின்ன வயதில், அகதி முகாம் பெண்கள் ஏதாவது கேட்டு எங்கள் வாசல் கேற்றைத் தட்டும்போது உம்மா உள்ளே இருந்தபடியே "இல்ல, இல்ல" என்பாள். யாரென்று பார்க்கமாட்டாள். அதே வேகம். அதே குரல்.

இப்போது அது என்னுடையது.