நம் நாள்காட்டியில் இல்லாத மிருகம்

என் அன்புள்ள செபாஸ்டியனுக்கு,

நீங்கள் இருந்தவரை உங்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. இன்று கூப்பிடுகிறேன். கோபம் அவ்வளவு இருக்கிறது.

இங்கே நம் கோர்படியில் குளிர் தொடங்கிவிட்டது. மாதா கோவிலில் புது வருட நாள்காட்டி கொடுத்தார்கள். முன்பக்கம் புனிதர்கள், பின்பக்கம் வெறும் தாள். அந்தப் பின்பக்கங்களில்தானே ஒவ்வொரு வருடமும் நம் நாள்காட்டியை வரைவீர்கள்? இந்த முறை பென்சிலோடு நான் உட்கார்ந்தேன்.

வெளியே சொன்னால் சிரிப்பார்கள்: நீங்கள் கற்பனை செய்த மிருகங்களின் சாப்பாட்டை வைத்துத்தான் நம் நாள் கணக்கு. நமக்கு வருடம் பிறப்பது ஜனவரியில் இல்லை; மழைமுழுங்கி முதல் மழையைக் குடிக்கும் அன்று. தாள்மென்னி பழைய பேப்பரைத் தின்று தீர்த்து மறுபடி பசியெடுத்தால் ஒரு வாரம். பஞ்சுப்பல்லன் மின்விசிறித் தூசியைத் தின்னும் நாளோடு மாதம் முடியும். அன்று நீங்கள் ஸ்டூலில் ஏறித் துடைத்தாக வேண்டும். சாப்பிடுகிற மிருகத்துக்கு மேஜையில் ஒரு காலித் தட்டு.

மிருகங்கள் உங்களுடையவை, சட்டங்கள் என்னுடையவை. ஒரே நாளில் இரண்டு மிருகங்கள் சாப்பிடக் கூடாது. தவக்காலத்தில் எதற்கும் இரண்டாம் தடவை பரிமாறக் கூடாது. நமக்குப் பிள்ளைகள் இல்லை, இது இருந்தது. நம் இருவருக்கு மட்டுமே என்று நினைத்திருந்தேன்.

போன ஞாயிறு கீழ்வீட்டு வசந்தாமணி வந்தாள். ஐடி மகனோடு இருக்கக் கோயம்புத்தூரிலிருந்து வந்தவள். மேஜையில் விரித்திருந்த தாள்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள்.

"ஏனுங்க்கா, மௌனந்தின்னியக் காணோம்?"

"எதை?"

"அதானுங்க, நீங்க கோவிச்சுட்டுப் பேசாம இருந்தா வந்து திங்குமே! அண்ணன் எங்கூட்டுல வந்து உக்காந்துக்குவாரு. 'மேல விருந்து நடக்குது, நடுவுல போனா என்னையும் சேத்துத் தின்னுடும்'பாரு. காப்பி குடுத்தாத் தொட மாட்டாருங்க. காது மாடிப்படிப் பக்கமே இருக்கும். நீங்க டம்ளர ணங்குனு வெச்சதும், 'வயிறு ரொம்பிருச்சு'ன்னு ஒரே ஓட்டம்!"

சிரித்தாள். கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தாள். நான் சிரிக்கவில்லை.

காபி கலந்ததும் எப்படித்தான் வாசலில் வந்து நிற்கிறீர்கள் என்று எத்தனை முறை வியந்திருக்கிறேன். வாசனை இழுத்து வருகிறது என்று பெருமைப்பட்டிருக்கிறேன்.

எனக்குத் தெரியாமல் ஒரு மிருகமா? அதுவும் என் மௌனத்தையே தின்று வளர்ந்ததா? அதற்குக் கண் கிடையாதாம், காது மட்டும்தானாம்; அதையும் அவள்தான் சொன்னாள். என்னிடம் சொல்லாத காதுகளை அவளிடம் ஏன் சொன்னீர்கள்? அவள் சிரித்தபோது நீங்களும் சேர்ந்து சிரித்தீர்களா?

அன்றிலிருந்து அவளோடு பேசவில்லை. வேறு யாரோடு பேசினேன் என்று கேட்காதீர்கள். நீங்கள் போனதிலிருந்து உங்கள் மிருகத்துக்கு இங்கே தினமும் விருந்துதான். இத்தனையையும் அது எங்கே வைத்துக்கொள்ளும்?

இன்று காலை காபி கலந்தேன். டம்ளரை மேடையில் வைத்தது கொஞ்சம் பலமாகிவிட்டது. படிக்கட்டில் காலடிச் சத்தம் கேட்டது. என்னை அறியாமல் புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டேன்.

வந்தது வசந்தாமணி.

"விருந்து முடிஞ்சுதுங்களாக்கா?"

உள்ளே விட்டேன். அரை டம்ளர் காபி கொடுத்தேன். அரைதான். உங்கள் நாற்காலியில் உட்காரப் போனாள், வேறு நாற்காலியைக் காட்டினேன்.

மௌனந்தின்னியை இந்த வருடம் வரைந்துவிடுவேன், இது என் வாக்கு. அந்தக் காதுகள் எப்படி இருக்கும் என்று அவளிடம்தான் கேட்க வேண்டும்; அதுதான் பொறுக்கவில்லை. இருந்தாலும் கேட்பேன். ஆனால் சட்டம் என்னுடையது. அது இனி இந்த வீட்டில் மட்டும்தான் சாப்பிடும். அதன் தட்டு உங்கள் இடத்தில் இருக்கும்.

கோபம் தீராத உங்கள் மனைவி,
பிலோமினா