ஏழரை பாகை

மார்ச் 3
ஒரே ஒரு மதிப்பெண். காவலர் வேலை அதில் போயிற்று. 62ஆம் கேள்வி: மூன்றேகால் மணிக்குக் கடிகாரத்தின் இரு முட்களுக்கும் நடுவே எத்தனை பாகை? நான் ஏழரை என்று குறித்தேன். தேர்வு வாரியத்தின் விடையில் பூஜ்யம். நிமிட முள் மூன்றுக்கு வருவதற்குள் மணி முள் கொஞ்சம் நகர்ந்திருக்காதா? எழுதிக் கேட்டேன், பதில் இல்லை. இன்று வழக்குப் போட்டாயிற்று.

மார்ச் 19
மொத்த நியமனத்துக்கும் இடைக்காலத் தடை. நானூறு பேர். நான் கேட்டது என் ஒரு மதிப்பெண்ணைத்தானே?

மார்ச் 20
பம்பரம் வந்தாள் — அவளுக்கு நான் வைத்த பெயர் அது. இரண்டு வருடம் தினமும் காலையில் என்னோடு மைதானத்தில் ஓடியவள், தேர்வானவள். உள்ளே வரவில்லை.
"துணிக்கடை வேலைய விட்டுட்டேன்டி. இப்ப எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுத் திரும்பப் போவேன்?"
"விடை தப்புடி. ஏழரைதான் சரி."
"நல்லாத்தான் கூட்டியிருக்க ஏழரைய, எல்லாருக்கும்!"
எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவள் சிரிக்கவில்லை.

ஏப்ரல் 2
தேர்வுக்குச் சேர்ந்து படித்தவர்களின் வாட்ஸ்அப் குழுவிலிருந்து என்னை நீக்கிவிட்டார்கள்.

மே 11
தனியாக எட்டுச் சுற்று. நேரம் பார்க்க ஆளில்லை. சாப்பிடும்போது அண்ணன், "வாபஸ் வாங்கிடு. நானூறு குடும்பத்தோட வயித்தெரிச்சல் நமக்கு எதுக்கு?" என்றான். பாதியில் எழுந்து வக்கீலம்மாவுக்குப் போன் செய்தேன். "வாங்கினா பூஜ்யம் சரின்னு ஆயிடும்மா. யோசிச்சுச் சொல்லு." யாரிடம் கேட்டு யோசிப்பது? முன்பெல்லாம் இப்படி ஏதாவது என்றால் பம்பரத்திடம்தான் கேட்பேன்.
வாங்கவில்லை.

ஜூலை 28
தீர்ப்பு. ஏழரைதான் சரி. எல்லார் தாளையும் மறுபடி திருத்திப் புதுப் பட்டியல் போட வேண்டுமாம். வக்கீலம்மா கைகொடுத்தார். அதற்குப் பிறகு யாரிடம் சொல்வதென்று தெரியவில்லை. பேருந்தில் இரண்டு நிறுத்தம் தாண்டி இறங்கினேன்.

ஆகஸ்ட் 30
புதுப் பட்டியலில் நான் இருக்கிறேன். பம்பரம் இல்லை. மேலிருந்து கீழ், கீழிருந்து மேல் — மூன்று முறை தேடினேன். பூஜ்யம் போட்டிருக்கிறாள். ஐயோ, இத்தனை மாசத்துல ஒரு தடவையாவது அவ என்ன போட்டான்னு கேட்டேனா நான்?

செப்டம்பர் 2
அவள் வீட்டுக்குப் போனேன். "தூங்குறாம்மா" என்றார் அவள் அம்மா. காலை மணி பதினொன்று. உள்ளே அவள் இருமுவது கேட்டது.

நவம்பர் 14
பயிற்சி முகாம். அணிவகுப்பு முடிந்ததும் அலுவலகத்தில் கூப்பிட்டு நீதிமன்ற அறிவிப்பைக் கொடுத்தார்கள். மனுதாரர், பம்பரம். எதிர்மனுதாரர் வரிசையில் மூன்றாவதாக நான். வாரியத்தின் பிழைக்கு, ஏற்கெனவே தேர்வானவர்களை நீக்கலாமா என்று கேட்டிருக்கிறாள். கட்டிலில் உட்கார்ந்து கடைசிப் பக்கம்வரை படித்தேன். எங்கும் என்னைக் குறை சொல்லவில்லை. நான் எழுதியிருந்தாலும் இதைத்தான் எழுதியிருப்பேன்.

வக்கீலம்மாவிடம் எனக்கு ஆட்சேபணை இல்லை என்று பதில் போடச் சொன்னேன்.
"அவ ஜெயிச்சா உன் இடமே போகலாம்மா."
"தெரியும் மேடம். எழுதுங்க."